கல்லில் இல்லாத வலி

(திண்டுக்கல்லில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



அறக்கட்டளைச் சொற்பொழிவு என்றால் இலக்கணமோ கல்வெட்டோ பேசுவதுதான் வழக்கம். நான் பேய்ப்படத்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். சாமுராய்கள் தம் வயிற்றைத் தாமே கிழித்துச் சாகும் செப்புக்கு என்ற சடங்கை ஜப்பானியர்கள் எப்படிப் படமாக்கினார்கள் என்பது பேச்சின் ஒரு பாதி. அதற்கு இணையான சடங்கைக் கல்லில் செதுக்கிவிட்டு, திரையில் பெரும்பாலும் தொடாமல் விட்டிருக்கும் நம்மைப் பற்றியது மறு பாதி. தலைப்பைப் பார்த்து முகம் சுளித்த பெரியவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ள வேண்டும். தமிழில் எழுதப்பட்டவற்றுள் மிகத் துணிச்சலான பேய்க்காட்சி உங்கள் பாடத்திட்டத்தில்தான் இருக்கிறது.

1966-இல் ஜப்பானில் ஒரு குறும்படம் வெளிவந்தது. பெயர் 'யூக்கோக்கு'. நாட்டுப்பற்று என்று பொருள் சொல்லலாம். எடுத்தவர் நாவலாசிரியர் யூக்கியோ மிஷிமா. தன் சிறுகதையைத் தானே இயக்கி, நாயகனாகவும் நடித்தார். ஏறக்குறைய 28 நிமிடம் ஓடும். ஒரு வரி வசனம் கிடையாது. 1936 பிப்ரவரியில் டோக்கியோவில் இளம் ராணுவ அதிகாரிகள் கலகம் செய்தார்கள். அந்தக் கலகத்தில் சேராத ஒரு லெப்டினன்ட், தன் நண்பர்களைத் தானே சுட வேண்டிய உத்தரவு வரப்போகிறது என்று தெரிந்ததும் மனைவியோடு சேர்ந்து சாக முடிவெடுக்கிறான். கதை அவ்வளவுதான். ஜப்பானின் மரபான நோ நாடக மேடையைப் போன்ற வெள்ளை அரங்கு, சுவரில் பெரிய எழுத்துச் சுருள், பின்னணியில் வாக்னரின் இசை. தெரு, வீடு, அக்கம்பக்கம் எதையும் மிஷிமா காட்டவில்லை. உலகத்தை முழுக்க வழித்தெடுத்துவிட்டுச் சடங்கை மட்டும் மேடையில் வைத்தார். படம் கனவு போல இருப்பதற்கு அதுதான் காரணம். பேய் வராமலே அது பேய்ப்படம் ஆவதற்கும் அதுதான் காரணம்.

நான்கு ஆண்டுகள் கழித்து, 1970 நவம்பர் 25 அன்று, டோக்கியோவின் ராணுவ முகாம் ஒன்றில் மிஷிமா அதே சடங்கை நிஜமாகவே செய்துகொண்டார். படத்தில் இருந்த ஒழுங்கு நிஜத்தில் இல்லை. தலையை வெட்டப் பின்னால் வாளோடு நின்ற உதவியாளரின் வீச்சு தப்பித் தப்பி விழுந்தது. கடைசியில் இன்னொருவர் முடித்துவைக்க வேண்டியிருந்தது. மிஷிமாவின் மனைவி படப்பிரதிகளை அழிக்கச் சொன்னார். பல பத்தாண்டுகள் படம் கண்ணில் படவே இல்லை. மூலச்சுருள் 2005-இல் வெளிப்பட்டு, மறு ஆண்டு டிவிடியாக வந்தது. மனைவியின் கோபம் எனக்குப் புரிகிறது. அந்தப் படம் அழகாக இருக்கிறது, அதுதான் அதன் குற்றம். வெள்ளைத் தரையில் கறுப்பாக ரத்தம் ஓடும்போதுகூட மிஷிமா அதை ஓவியமாகவே பார்க்கிறார்.

சடங்கு உண்மையில் எப்படி நடந்தது என்று அறிய ஒரு வெளியாள் சாட்சியம் இருக்கிறது. 1868-இல் கோபே நகரில் வெளிநாட்டினர்மேல் சுட உத்தரவிட்ட குற்றத்துக்காக, பிசென் சீமையின் அதிகாரியான தாக்கி சென்சபுரோ செப்புக்கு செய்துகொள்ளும்படி தண்டிக்கப்பட்டார். தூதரகத்துக்கு ஒருவராக வெளிநாட்டுச் சாட்சிகள் ஏழு பேர். அவர்களில் ஒருவரான மிட்ஃபோர்டு என்ற ஆங்கிலேயர், பிறகு அதைப் புத்தகத்தில் எழுதினார். நடந்தது ஒரு புத்த ஆலயத்தில், இரவு நேரத்தில். கத்தியைக் காகிதத்தில் சுற்றிச் சிறு பீடத்தில் வைத்துக் கொண்டுவருகிறார்கள். குற்றவாளி வணங்குகிறார், குற்றத்தைத் தன் வாயால் ஒப்புக்கொள்கிறார், மேலாடையை இடுப்பு வரை நழுவவிடுகிறார். பிறகு செய்வதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை. ஆடையின் கைப்பகுதிகளை முழங்காலுக்கு அடியில் செருகிக்கொள்கிறார். சாகும்போது பின்னால் சாயக்கூடாது, முன்னால் விழ வேண்டும், அதுதான் மரியாதை. அதற்கான ஏற்பாடு அது. எல்லாம் முடிந்ததும், பின்னால் நின்று தலையை வெட்டியவர் குனிந்து வணங்கி, காகிதத்தால் வாளைத் துடைக்கிறார். தண்டனை நிறைவேறியதைப் பார்த்தீர்கள் அல்லவா என்று சாட்சிகளிடம் கேட்கப்படுகிறது.

ரத்தம் நம்மைப் பயமுறுத்துவது ஒரு நிமிடம்தான். முழங்காலுக்கு அடியில் செருகிய துணி பல நாள் தூக்கத்தைக் கெடுக்கும். சாவு எப்படித் தெரிய வேண்டும் என்று யாரோ முன்கூட்டியே யோசித்திருக்கிறார்கள். சாகிறவனும் அதற்கு ஒத்துழைக்கிறான். திகில் படம் எடுக்க நினைக்கும் மாணவர்கள் முதலில் பிடித்துக்கொள்ள வேண்டிய இடம் இது.

இனி நம் பக்கம். சங்க காலத்தில், வடக்கு நோக்கி அமர்ந்து உண்ணாமல் உயிர் விடும் வடக்கிருத்தல் இருந்தது. வெண்ணிப் போரில் கரிகாலனோடு பொருது முதுகில் புண்பட்ட சேரமான் பெருஞ்சேரலாதன், அந்த வெட்கத்தில் வடக்கிருந்து உயிர் விட்டான். கோப்பெருஞ்சோழனும் வடக்கிருந்தான், அவனை நேரில் காணாமலே நண்பரான புலவர் பிசிராந்தையார் வந்து சேர்ந்த கதை எல்லோருக்கும் தெரியும். வைகைக் கரைப் புலிமான்கோம்பையில் 2006-இல் கிடைத்த தமிழி எழுத்து நடுகல், ஆநிரை கவரும் ஆகோள் பூசலில் விழுந்த ஒருவனுக்காக நட்டது. இதெல்லாம் வீரமும் மானமும். பேய்ப்படத்துக்கு உரிய பொருள் இதற்குப் பின்னால் வருகிறது. அது நவகண்டம்.

கொங்குப் பக்கமும் மதுரைப் பக்கமும் பயணம் செய்கிறவர்கள் இந்தக் கற்களைப் பார்த்திருக்கலாம். பல ஊர்களில் மஞ்சள் பூசி, வேட்டி கட்டி, காவல் சாமியாக வைத்திருக்கிறார்கள். ஒருவன் நிற்கிறான், அல்லது மண்டியிட்டிருக்கிறான். இடக்கை தன் கொண்டையைப் பிடித்திருக்கிறது. வலக்கை வாளைத் தன் கழுத்திலேயே வைத்திருக்கிறது. அரையாடை, கழுத்தணி, காதணி எல்லாம் மணவறைக்குப் போகிறவனைப் போல. உடலின் ஒன்பது இடங்களில் சதையை அரிந்து போர்த் தெய்வமான கொற்றவைக்குப் படைத்துவிட்டுக் கடைசியில் தலையைக் கொடுப்பது நவகண்டம். நேராகத் தலையைக் கொடுப்பது அரிகண்டம். வளைத்த மூங்கிலில் கொண்டையைக் கட்டி, வாள் வீசியதும் மூங்கில் நிமிர்ந்து தலையைத் தூக்கிக்கொண்டு மேலே போவது தூங்குதலை. கன்னடத்துக்காரர்களிடமும் அதே பொறி உண்டு. அவர்கள் சிடிதலை என்கிறார்கள்.

பழைய சாட்சியங்கள் ஏராளம். மாமல்லபுரத்தில் திரௌபதி ரதத்தின் உள்சுவரில் கொற்றவையின் காலடியில் மண்டியிட்ட ஒருவன் தன் முடியைப் பிடித்துக் கழுத்தில் வாள் வைக்கிறான். சுற்றுலா வருகிற கூட்டம் வெளியே நிற்கும் யானையைப் படமெடுத்துக்கொண்டு போய்விடும். இன்றைய ஆந்திரத்தில் நெல்லூர்ப் பக்கம் மல்லம் என்ற ஊரில், பல்லவ மன்னன் கம்பவர்மனின் 20-ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று உண்டு. பட்டை பொத்தன் என்பவன் ஒன்பது இடத்துச் சதையையும் பிறகு தலையையும் பட்டாரி என்ற தெய்வத்துக்குக் கொடுத்ததையும், அதற்காக நிலம் விட்டதையும் அது சொல்கிறது. போகல் என்ற டச்சு அறிஞர் 1931-இலேயே இந்தக் கல்வெட்டையும் பல்லவச் சிற்பங்களையும் சேர்த்து வைத்து எழுதிவிட்டார். சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரியில் வெற்றிக்கு விலையாகக் கழுத்துக் குருதி பேசப்படுகிறது. மணிமேகலையில் வரும் சக்கரவாளக் கோட்டத்துச் சுடுகாட்டில், தலை கொடுத்தவர்களின் தலைகள் மரக்கிளைகளில் தொங்குகின்றன.

மார்க்கோ போலோ தரும் காட்சி இன்னும் விசித்திரமானது. 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டுக் கரைக்கு வந்தவர் அவர். கண்டதையும் கேட்டதையும் கலப்பவர் என்ற எச்சரிக்கையோடு படிக்க வேண்டும். மரண தண்டனை பெற்றவன், இன்ன சாமிக்காக நானே என்னைப் பலி கொடுக்கிறேன் என்று சொல்லலாமாம். உறவினர்கள் அவனை வண்டியில் ஏற்றி, பன்னிரண்டு கத்திகளைக் கையில் கொடுத்து, இந்த வீரன் சாமிக்காகச் சாகப் போகிறான் என்று கூவிக்கொண்டு ஊர் சுற்றுவார்களாம். ஒவ்வொரு கத்திக்கும் ஒரு முறை சாமியின் பெயரைச் சொல்லிக் குத்திக்கொள்வானாம். கோபே ஆலயத்தின் அமைதிக்கும் இந்த ஊர்வலத்தின் கூச்சலுக்கும் எத்தனையோ தூரம். ஆனால் அரசாங்கத்தின் தண்டனை சாகிறவனின் விருப்பமாக மாறிவிடுகிற சூட்சுமம் இரண்டிலும் ஒன்றே. தாக்கி சென்சபுரோவையும் யாரும் கொல்லவில்லை; அவர் தன்னைத்தானே கொன்றுகொண்டார், காகிதத்தில் அப்படித்தான் இருக்கிறது.

கனவையும் நனவையும் கலக்கும் சர்ரியலிசம் பாரிஸில் பிறந்தது என்று படித்திருப்பீர்கள். கலிங்கத்துப்பரணியில் காளி கோயிலைப் பாடும் பகுதியை ஒரு தரம் நிதானமாகப் படியுங்கள். முதலாம் குலோத்துங்கன் காலத்துச் செயங்கொண்டார், வீரர்கள் தலையை அரிந்து காளியின் கையில் கொடுப்பதைப் பாடுகிறார். அங்கே நிறுத்தியிருந்தால் அது வீரக் கவிதை. அவர் நிறுத்தவில்லை. கொடுத்த தலை காளியைத் துதிக்கிறது. தலை போன உடம்பு கும்பிட்டு நிற்கிறது. பிறகு பேய்கள் வந்து போர்க்களத்தில் உலை வைத்துப் பிணக்கூழ் காய்ச்சுகின்றன. பானை எது, அகப்பை எது, அரிசி எது என்று ஒரு கல்யாணச் சமையல்காரரின் கவனத்தோடு பட்டியல் வருகிறது. சிரிப்பு வருகிறது, சிரித்ததற்காகக் கூச்சமும் வருகிறது. திகில் படத்தின் உச்சக் கலை அந்தக் கலவைதான். பயத்தை மட்டும் கொடுக்கத் தெரிந்த இயக்குநர் பாதித் தொழில்தான் கற்றிருக்கிறார்.

பேராசிரியர்கள் பரணியை வீரத்தின் புகழ்ச்சி என்று நடத்துகிறார்கள். இருக்கலாம். கூழ் காய்ச்சும் பேயின் வாயில் அரசனை வாழ்த்தவைத்த புலவர் எதை நினைத்துச் செய்தார் என்பதில் எனக்குச் சந்தேகம் உண்டு.

இன்னொன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும், ஏனென்றால் இது திண்டுக்கல். மதுரைக்கும் மைசூருக்கும் இடையே படைகள் போய்வந்த வழியில் இந்த மலை நிற்கிறது. 1605-இல் முத்துக்கிருஷ்ணப்ப நாயக்கர் இதில் கோட்டை கட்டத் தொடங்கியதற்கும் அதுதான் காரணம். மதுரை மன்னர் திருமலை நாயக்கரின் கடைசிக் காலத்தில் மைசூர்ப் படை உள்ளே புகுந்து, அகப்பட்டவர்களின் மூக்கை மேலுதட்டோடு அறுத்து மூட்டை கட்டி அனுப்பியது. பிறகு மதுரைப் படை மைசூர்ச் சீமைக்குள் போய் அதையே திருப்பிச் செய்தது. மூக்கறு போர் என்று சிறுவர் புத்தகத்தில்கூடப் படித்திருப்பீர்கள். அதற்கு அறுபது ஆண்டு முன்பு, ஜப்பானின் ஹிதேயோஷி கொரியாமேல் படையெடுத்தபோது, சாமுராய்கள் வெட்டிய தலைகளைக் கப்பலில் ஏற்ற இடம் போதாமல் மூக்குகளை அறுத்து உப்பில் ஊறவைத்து அனுப்பினார்கள். எண்ணிக் கணக்கெழுதி, ரசீதும் கொடுத்தார்கள். பல்லாயிரம் மூக்குகளைப் புதைத்த மேடு இன்றும் கியோட்டோவில் புல் முளைத்து நிற்கிறது. சாமுராய் என்றதும் செர்ரிப்பூவும் சாவுக்கவிதையும் நினைவுக்கு வருகிறவர்கள் அந்த ரசீதையும் நினைத்துக்கொள்வது நல்லது. நாயக்கர் என்றதும் மதுரை மகாலின் தூண்கள் நினைவுக்கு வருகிற நமக்கும் அது பொருந்தும்.

மிஷிமாவுக்கு நேர் எதிரே நிற்கும் படத்துக்கு வருகிறேன். 1962-இல் மசாகி கோபயாஷி எடுத்த 'ஹராகிரி'. அதைக் குறும்படம் என்று யாரும் சொல்ல முடியாது, இரண்டு மணி நேரத்துக்கும் மேல் ஓடும். 1630-இல் நடக்கும் கதை. போர்கள் ஓய்ந்து, எஜமானை இழந்த சாமுராய்கள் சோற்றுக்கு அலைகிறார்கள். ஒரு பிரபுவின் வாசலில் வந்து நின்று, உங்கள் முற்றத்தில் செப்புக்கு செய்துகொள்ள அனுமதி வேண்டும் என்று கேட்டால், தொல்லை வேண்டாம் என்று நாலு காசு கொடுத்து அனுப்புவார்கள் என்ற வதந்தி பரவியிருக்கிறது. அப்படி வந்த ஓர் இளைஞனை, இயி குடும்பத்தார் சரி, செய் என்று உட்காரவைத்துவிடுகிறார்கள். அவன் இடுப்பில் இருப்பது மூங்கில் வாள். இரும்பு வாளை எப்போதோ விற்றுவிட்டான், வீட்டில் மனைவிக்கும் குழந்தைக்கும் நோய். அந்த மூங்கிலாலேயே செய்யச் சொல்கிறார்கள்.

அந்தக் காட்சி நீளமானது. கோபயாஷி நம்மை விடமாட்டார். மூங்கில் அறுக்காது. சடங்கு தெரிந்த எல்லோரும் சுற்றி உட்கார்ந்து, முதுகு நிமிர்த்தி, முறை தவறாமல் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மிஷிமா துடைத்தெடுத்த வலியைக் கோபயாஷி நான்கு ஆண்டு முன்பே திரும்பக் கொண்டுவந்து வைத்துவிட்டார். படத்தின் முடிவில் அந்த வீட்டுக் குறிப்பேடு வருகிறது. நடந்த சண்டையும் சாவுகளும் வீட்டின் மானம் கெடாதபடி மாற்றி எழுதப்படுகின்றன. கையெழுத்து அழகாக இருக்கிறது.

நம் நவகண்டக் கற்கள் அந்தக் குறிப்பேட்டின் வகையைச் சேர்ந்தவை என்பது என் கருத்து. அந்த முகங்களைப் பாருங்கள். பெரும்பாலும் சலனமே இல்லை. சிலவற்றில் உதட்டோரம் புன்னகைகூட உண்டு. சிற்பிக்கு வலியைச் செதுக்கத் தெரியாதா? இந்த ஊரிலிருந்து கூப்பிடு தூரத்தில் தாடிக்கொம்பு இருக்கிறது. சௌந்தரராஜப் பெருமாள் கோயில் தூணில் நரசிம்மர் இரணியனை மடியில் கிடத்தி வயிற்றைக் கிழிக்கிறார். காலத்தால் பிந்திய சிற்பம்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் கல்லில் உடல் திமிறுவதும் குடல் சரிவதும் சாத்தியம் என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். அரக்கனின் வயிறு கிழியும்போது வலியைக் காட்டலாம், அவன் தோற்றவன். தலை கொடுத்தவனின் முகத்தில் வலியைக் காட்டினால், ஏன் கொடுத்தான் என்ற கேள்வி வந்துவிடும். யார் கொடுக்கச் சொன்னது என்ற கேள்வியும் கூடவே வரும். அதனால் கல் சிரிக்கிறது. நிலம் விட்டவர்கள் பணம் கொடுத்துச் செய்த கல் அது.

ஜப்பானிய அரசுக்கே ஒரு கட்டத்தில் இப்படி உயிர் விடுவது பொறுக்கவில்லை. எஜமான் இறந்தால் தானும் உயிர் விடும் ஜுன்ஷி வழக்கத்தை 1663-இல் தொக்குகவா ஆட்சி தடை செய்தது. கருணையால் அல்ல, நல்ல ஆட்கள் வீணாகப் போகிறார்கள் என்ற கணக்கால். அப்படியும் 1912-இல் பேரரசர் மெய்ஜியின் இறுதி ஊர்வல நாளில் தளபதி நோகி மனைவியோடு உயிர் விட்டார். நம் பக்கத்தில், ஹொய்சள மன்னன் வீர வல்லாளனுக்காக உயிர் விட்ட குவர லட்சுமனையும் அவன் ஆட்களையும் ஹளேபீடில் தூணில் எழுதி வைத்திருக்கிறார்கள். வெள்ளைக்காரன் 1801-இல் விருப்பாட்சிப் பாளையக்காரர் கோபால நாயக்கரை இதே திண்டுக்கல்லில் தூக்கிலிட்டான். அதிலும் கூட்டம் கூட்டி, எல்லோரையும் பார்க்கவைத்து ஒரு முறை இருந்தது. வாளுக்குப் பதில் கயிறு, அவ்வளவுதான்.

தமிழ்த் திரையில் இந்தப் பக்கம் ஒருவரும் வரவில்லை என்று சொல்ல முடியாது. சு. வெங்கடேசனின் 'காவல் கோட்டம்' நாவலின் ஒரு பகுதியிலிருந்து வசந்தபாலன் 2012-இல் 'அரவான்' எடுத்தார். பலிக்கு நாள் குறிக்கப்பட்ட ஒருவனின் கதை. பெயரே நம் கூத்திலிருந்து வந்தது. பாரதப் போருக்கு முன் தன்னைக் காளிக்குக் கொடுத்த அரவானின் களப்பலியைத் தெருக்கூத்தில் இன்றும் ஆடுகிறார்கள். கூவாகத்தில் திருநங்கைகள் அவனுக்காகத் தாலி அறுக்கிறார்கள். படத்தில் எனக்குப் பிடித்தவை உண்டு, குறையும் உண்டு. காதல், களவு, துரத்தல் என்று பெரிய படத்துக்கு வேண்டிய சுமையெல்லாம் ஏறிக்கொண்டதில் சடங்கின் குளிர் போய்விட்டது. இந்தப் பொருளுக்குக் குறும்படம்தான் சரியான உடம்பு. சடங்குக்குக் கதை கிடையாது, வரிசை மட்டும்தான். வரிசையை இருபது நிமிடம் தாங்கலாம், இரண்டு மணி நேரத்துக்குக் கதையைக் கடன் வாங்க வேண்டும்.

மாணவர்களுக்கு ஒரு கருவைக் கொடுத்துவிட்டுப் போகிறேன். எடுத்துக்கொள்ளுங்கள், உரிமை கேட்க மாட்டேன். அந்தக் கல்லைச் சிற்பி எப்போது செதுக்கினான்? நிகழ்ந்த பிறகு என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். முன்பாக இருந்தால்? பலிக்கு நாள் குறித்தாயிற்று. சிற்பி அளவெடுக்க வருகிறான். கொண்டையை இப்படிப் பிடி, முழங்கையைக் கொஞ்சம் உயர்த்து, முகத்தைச் சுளிக்காதே என்கிறான். நிற்பவனுக்குக் கை வலிக்கிறது. கொஞ்சம் இறக்கிக்கொள்ளட்டுமா என்று கேட்கிறான். ஊர்ப் பெரியவர் எவ்வளவு நிலம் என்று கணக்குப் பேசிக்கொண்டிருக்கிறார். அண்ணன் தம்பிகளுக்குள் வரப்புத் தகராறு ஆரம்பித்துவிட்டது. மனைவி கேட்பது ஒன்றுதான்: கல்லில் காதணியைச் சரியாகப் போடு, அது எங்க அப்பா செஞ்சு போட்டது. நாளுக்கு நாள் கல் உயிர் பெறுகிறது, ஆள் மங்குகிறான். கடைசி நாள் ஊரார் வந்து பார்க்கும்போது எது கல், எது ஆள் என்று அவர்களுக்குத் தெரியவில்லை. தெரிந்துகொள்ள யாரும் முயலவும் இல்லை. வாளை எடுத்து அருகில் இருந்ததன் கையில் கொடுக்கிறார்கள்.

செலவு அதிகம் ஆகாது. ஒரு பாறை, ஒரு பனந்தோப்பு, நாலைந்து முகங்கள் போதும். சிறுமலை அடிவாரத்தில் பாறைக்குப் பஞ்சமில்லை. மலைக்கோட்டையில் எடுக்க ஆசைப்பட்டால் அது தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கும் இடம், முன்கூட்டியே அனுமதி வாங்குங்கள், கல்லில் ஆணி அடிக்காதீர்கள். 'நாளைய இயக்குநர்' தொலைக்காட்சி நிகழ்ச்சியில் குறும்படம் எடுத்தவர்களில் பலர் இன்று பெரிய இயக்குநர்கள். அதில் வந்த கார்த்திக் சுப்புராஜின் முதல் பெரிய படம் 'பீட்சா'வே ஒரு திகில் படம்தான். நடிகர்களுக்கு ரத்தம் பூசும் நேரத்தில் பார்வையாளர்களாக உட்காரும் ஊர்க்காரர்களுக்கு ஒத்திகை கொடுங்கள். அவர்கள் கொட்டாவி விட வேண்டும், விசிறிக்கொள்ள வேண்டும், பக்கத்து ஆளிடம் விளைச்சல் விசாரிக்க வேண்டும். கேமராவை அவர்கள் பக்கம் திருப்பி வைத்துவிட்டால் பாதிப் படம் முடிந்த மாதிரி. திரைக்கதை எழுதியவர்கள் அடுத்த வாரம் கொண்டுவந்து கொடுத்தால் படித்துச் சொல்கிறேன். ஒரு நிபந்தனை உண்டு. எடுத்த எடுப்பில் உடுக்கைச் சத்தமும் நரி ஊளையும் வைத்திருந்தால் இரண்டாம் பக்கம் புரட்ட மாட்டேன்.